அச்சுப்பிழையில் பிறந்த பெயர்

இமோஜென் என்று ஒரு ஆங்கிலப் பெண் பெயர் இருக்கிறது. மேரி, எலிசபெத், ஆன் மாதிரி தெருவுக்கு நாலு பேர் வைத்திருக்கும் பெயர் இல்லை. நம்ம ஆட்களில் இதைக் கேள்விப்பட்டவர்கள் அனேகமாக இமோஜென் ஹீப் என்ற பாடகியால் கேள்விப்பட்டிருப்பார்கள். 2005-ல் வந்த 'ஹைட் அண்ட் சீக்' பாட்டு ஞாபகம் இருக்கா? வாத்தியமே இல்லாமல், ஒரே குரலை மெஷினில் விட்டு ஒரு கூட்டமே பாடுவது போல ஆக்கியிருப்பார். அவரேதான்.

பாட்டு நல்லா இருக்கே, பேருக்கு என்னய்யா அர்த்தம்னு குழந்தைப் பெயர் தளங்கள் பக்கம் ஒதுங்கினால் தலை சுற்றும். ஒன்று 'பிம்பம்' என்கிறது. இன்னொன்று இன்னும் உருகி 'தாயின் சாயல்' என்கிறது. மூன்றாவது 'கன்னிப்பெண்', நான்காவது 'கள்ளமற்றவள்'. மூலமொழி கேட்டால் ஒருத்தர் லத்தீன் என்கிறார், இன்னொருத்தர் கேலிக் என்கிறார். நாலு பேரும் சாட்சிக்கு வந்தவர்கள் மாதிரி அடித்துச் சொல்கிறார்கள். ஆதாரம் மட்டும் ஒருத்தரும் சொல்வதில்லை.

உண்மையான கதை இந்த நாலையும் விட சுவாரசியமானது. இமோஜென் என்ற பெயரே அனேகமாக ஒரு அச்சுப்பிழை!

ஷேக்ஸ்பியர் எழுதிய நாடகங்களில் 'சிம்பலைன்' அவ்வளவாகப் பேசப்படாத ஒன்று. பழங்கால பிரிட்டன் ராஜா சிம்பலைன். அவர் மகள்தான் இமோஜென். அப்பாவுக்குத் தெரியாமல் போஸ்துமஸ் லியோனாட்டஸ் என்பவனைக் கல்யாணம் செய்துகொள்கிறாள். ராஜா அவனை நாடு கடத்துகிறார். போன இடத்தில் அந்தப் புண்ணியவான் தன் பெண்டாட்டியின் கற்பை வைத்து ஒருத்தனிடம் பந்தயம் கட்டுகிறான். பந்தயம் கட்டியவன் ஒரு பெட்டிக்குள் ஒளிந்து அவள் படுக்கையறைக்குள் புகுந்து, தூங்குகிறவளின் கை வளையைக் கழற்றிக்கொண்டு போய் 'ஜெயித்துவிட்டேன்' என்று காட்டுகிறான். புருஷன் நம்பிவிடுகிறான். அவளைக் கொல்லச் சொல்லி வேலைக்காரனுக்குக் கடிதம் அனுப்புகிறான். தப்பே செய்யாத பெண் ஆண் வேஷம் போட்டுக்கொண்டு காட்டில் அலைகிறாள். கடைசியில் எல்லாம் சுபம்.

இந்த நாடகம் ஷேக்ஸ்பியர் உயிரோடு இருந்தவரை அச்சில் வரவேயில்லை. அவர் இறந்தது 1616. கூட நடித்த இரண்டு பேர் அவருடைய 36 நாடகங்களைத் தொகுத்து 'முதல் ஃபோலியோ' என்ற பெரிய புத்தகமாகக் கொண்டுவந்தது 1623-ல். அதில் பாதி நாடகங்களுக்கு அதுதான் முதல் அச்சு. 'சிம்பலைன்' அந்தப் புத்தகத்தின் கடைசி நாடகம். நமக்குக் கிடைக்கும் மூலம் இது ஒன்றே. கையெழுத்துப் பிரதி எதுவும் மிஞ்சவில்லை. அந்தப் புத்தகத்தில் கதாநாயகியின் பெயர் இமோஜென் என்றுதான் இருக்கிறது.

அப்புறம் எங்கே வந்தது பிழை? மூன்று சாட்சிகள் இருக்கிறார்கள்.

முதல் சாட்சி ஒரு ஜோசியர். சைமன் ஃபோர்மன் என்று பேர், வைத்தியமும் பார்ப்பார். லண்டனில் தான் பார்த்த நாடகங்களின் கதையைக் குறிப்பு எழுதி வைக்கும் பழக்கம் உள்ளவர். (அந்தக் காலத்துப் பதிவர்னு வெச்சுக்கங்களேன்!) 1611 செப்டம்பரில் அவர் இறந்துபோனார். அதற்கு முன் 'சிம்பலைன்' பார்த்துவிட்டுக் கதையை எழுதியிருக்கிறார். கதாநாயகி பெயர் அதில் 'இன்னோஜென்'. ஃபோலியோ அச்சாவதற்குக் குறைந்தது 12 வருஷம் முன்னால், மேடையில் பெயரைக் காதால் கேட்ட மனுஷன் எழுதியது இது.

இரண்டாம் சாட்சி ஷேக்ஸ்பியரின் இன்னொரு நாடகம். 'மச் அடூ அபௌட் நத்திங்' 1600-ல் தனிப் புத்தகமாக அச்சானது. அதில் லியோனாட்டோ என்ற கவர்னர் வருகிறார். மேடைக்குறிப்பில் அவர் மனைவி இரண்டு இடத்தில் வருகிறார், முதல் இடத்தில் 'அவர் மனைவி இன்னோஜென்' என்று பெயரோடு இருக்கிறது. ஆனால் அந்த அம்மா நாடகம் முழுக்க ஒரு வார்த்தை பேசுவதில்லை. எழுத ஆரம்பிக்கும்போது வைத்திருந்த பாத்திரத்தை அப்புறம் மறந்துபோய்விட்டார் போல. ப்ரோக்ராம் எழுதுகிறவர்களுக்குத் தெரியும், டிக்ளேர் செய்துவிட்டு எங்கேயும் பயன்படுத்தாத வேரியபிள். இப்போ கவனிங்க: அங்கே லியோனாட்டோவுக்கு மனைவி இன்னோஜென், இங்கே லியோனாட்டஸுக்கு மனைவி இமோஜென். ஒரே ஜோடியை அவர் மனசில் போட்டு வைத்திருந்தார் என்று நினைக்கத் தோன்றுகிறதா இல்லையா?

மூன்றாம் சாட்சி ஹோலின்ஷெட்டின் வரலாற்று நூல். ஷேக்ஸ்பியர் சரித்திர நாடகங்களுக்கு அடிக்கடி கை வைக்கும் புத்தகம். சிம்பலைன் ராஜா கதைக்கும் அதில்தான் கை வைத்தார். பிரிட்டனின் முதல் ராஜா என்று சொல்லப்படும் புரூட்டஸின் மனைவியாக அதே புத்தகத்தில் வருகிறவள் பெயரும் இன்னோஜென்தான்.

சரி, இன்னோஜென் எப்படி இமோஜென் ஆனாள்? இதற்கு அந்தக் காலத்துக் கையெழுத்தைப் புரிந்துகொள்ள வேண்டும். ஆங்கிலச் சின்ன எழுத்தில் 'ஐ' ஒரு குச்சி, 'என்' இரண்டு குச்சி, 'எம்' மூன்று குச்சி. வேகமாகச் சேர்த்து எழுதினால் எது எங்கே முடிகிறது என்று தெரியாது. எல்லாம் வேலிக் கம்பு மாதிரி வரிசையாக நிற்கும். இரண்டு 'என்' சேர்ந்தால் நாலு குச்சி. அதில் ஒன்றை எண்ணாமல் விட்டால் 'எம்' ஆகிவிடும். பிரதி எடுத்தவரோ அச்சுக் கோத்தவரோ ஒரு குச்சியைக் கோட்டை விட்டார், ஒரு புதுப் பெண் பிறந்தாள். அவ்வளவுதான் விஷயம்.

எதிர்க்கட்சி வாதமும் இருக்கிறது, மறைக்கக் கூடாது. ஒரு இடத்தில் பிழை வரலாம், நாடகம் முழுக்க ஒரே மாதிரியா வரும் என்று கேட்கிறார்கள். ஃபோர்மன் ஹோலின்ஷெட் படித்திருந்து பழக்க தோஷத்தில் அப்படி எழுதியிருக்கலாம், அல்லது ஷேக்ஸ்பியரே பின்னால் பெயரை மாற்றியிருக்கலாம் என்றும் சொல்கிறார்கள். நியாயமான கேள்விகள்தான். ஆனால் முதல் பக்கத்தில் ஒரு பெயரைத் தப்பாகப் படித்துவிட்ட ஆள், அடுத்த அறுபது இடத்திலும் அதே கண்ணோடுதான் படிப்பான். இன்னொருத்தர் எழுதிய கோடைக் கையில் வாங்கி வேலை பார்த்தவர்களுக்கு இது தெரியும், முதலில் தப்பாகப் புரிந்துகொண்டதைத்தான் கடைசி வரைக்கும் பார்ப்போம். என் ஓட்டு இன்னோஜெனுக்குத்தான்.

இப்போ அர்த்தத்துக்கு வருவோம். பிழைக்கு அர்த்தம் தேடுவது வீண் வேலை. தேடுவதாக இருந்தால் இன்னோஜென் என்ற பழைய பெயருக்குத்தான் தேட வேண்டும்.

1136 வாக்கில் மான்மத் ஊர் ஜெஃப்ரி என்ற பாதிரியார் லத்தீனில் பிரிட்டன் ராஜாக்களின் கதையை எழுதினார். வரலாறு என்று பேர், பாதிக்கு மேல் புராணம். அதில் இந்தப் பெண்ணின் பெயர் 'இக்னோகே'. கிரேக்க ராஜா பாந்த்ராசஸின் மகள். ட்ராய் நகரத்து அகதிகளின் தலைவன் புரூட்டஸ் அந்த ராஜாவைப் போரில் பிடித்துவிடுகிறான். உயிரோடு விடுவதற்கு விலை: கப்பல்கள், உணவு, மகள். அப்பா சம்மதிக்கிறார். மகளிடம் கேட்டதாகக் கதையில் இல்லை. கப்பல் கிளம்பும்போது அவள் மேல்தளத்தில் நின்று, பிறந்த மண் கண்ணை விட்டு மறையும் வரைக்கும் பார்த்து அழுகிறாள், மயங்கி விழுகிறாள். ஜெஃப்ரியின் கதையில் அத்தனை யுத்தங்களுக்கு நடுவில் மனசைப் பிடிக்கிற இடம் இது.

இந்தப் பெயருக்கு அறிஞர்கள் அதிகம் ஒத்துப்போகும் வேர், பழைய ஐரிஷ் மொழியில் மகள், பெண்பிள்ளை என்று அர்த்தப்படும் 'இங்கென்' என்ற சொல். கேலிக்கில் 'இங்ஹீன்' என்று எழுதுவார்கள். 'கன்னிப்பெண்' என்று சொல்கிற தளங்கள் இதைத்தான் சுற்றி வளைத்துச் சொல்கின்றன. அதாவது பெயரின் அர்த்தமே 'பொண்ணு'. பேரம் பேசி ஒப்படைக்கப்பட்டவளுக்குத் தனியாக ஒரு பெயர் கூட இல்லாமல் 'பொண்ணு' என்று விட்டுவிட்டார்களோ என்று எனக்குத் தோன்றும். இது என் கற்பனை, ஆராய்ச்சி இல்லை.

'கள்ளமற்றவள்' என்பதில் கொஞ்சம் சரக்கு இருக்கிறது. அது வேர் இல்லை, ஒலி. இன்னோஜென் என்ற சத்தத்தில் 'இன்னசென்ஸ்' என்ற சொல் லேசாகக் கேட்கும். தப்பே செய்யாமல் பழி சுமக்கும் கதாநாயகிக்கு அப்படி ஒரு பெயர் வைப்பது ஷேக்ஸ்பியர் செய்யக்கூடிய வேலைதான். ஆண் வேஷத்தில் இருக்கும்போது அவள் தனக்கு வைத்துக்கொள்ளும் பெயர் 'ஃபிடேலே'. விசுவாசமுள்ளவள் என்று அர்த்தம். பேரும் குணமும் பொருந்துகிறது என்று நாடகத்திலேயே ஒரு பாத்திரம் சொல்கிறது. பெயரில் விளையாடுகிற மனுஷன் ஒரு பெயரில் மட்டுமா விளையாடியிருப்பார்?

ஆனால் இந்த 'பிம்பம்', 'தாயின் சாயல்'? இமாகோ என்றால் லத்தீனில் பிம்பம். இமோஜென் கிட்டத்தட்ட அந்தச் சத்தம். அவ்வளவே உறவு. பிழையாக வந்த 'ம்' எழுத்தைப் பிடித்துக்கொண்டு அதற்கு ஒரு வம்சாவளி எழுதிவிட்டார்கள். 'ன்ன்' என்று சரியாக அச்சாகியிருந்தால் இந்த அர்த்தமே பிறந்திருக்காது. என் கோபம் இங்கேதான்.

இது தனிச் சம்பவமும் இல்லை. வனெஸ்ஸா என்ற பெயரை எடுத்துக்கொள்ளுங்கள். 'பட்டாம்பூச்சி' என்று அர்த்தம் போட்டிருப்பார்கள். உண்மையில் அது 'கலிவர்' எழுதிய ஜோனதன் ஸ்விஃப்ட் தன் தோழி எஸ்தர் வன்ஹோம்ரிக்குக் கட்டிக் கொடுத்த செல்லப் பெயர். குடும்பப் பெயரிலிருந்து 'வன்', எஸ்தரிலிருந்து 'எஸ்ஸா'. அந்தப் பெயர் வரும் அவருடைய கவிதை 1726-ல் அச்சானது. ஃபப்ரீசியஸ் என்ற பூச்சியியல் அறிஞர் ஒரு பட்டாம்பூச்சிப் பேரினத்துக்கு வனெஸ்ஸா என்று பெயர் வைத்தது 1807-ல். பெண்ணின் பெயர்தான் பூச்சிக்குப் போனது. இவர்கள் பூச்சியின் பெயரைப் பெண்ணுக்குக் கொடுக்கிறார்கள். பேரனைக் காட்டி இவர்தான் தாத்தாவைப் பெற்றவர் என்பது மாதிரி.

பிழையோடு எனக்குச் சண்டை இல்லை. பிழை ஒரு விபத்து. ராத்திரி மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் யாரோ ஒருத்தர் கண் அசந்தார், அதில் வஞ்சகம் எதுவும் இல்லை. ஆனால் தெரியாத இடத்தில் 'தாயின் சாயல்' என்று நிரப்பி வைப்பது விபத்து இல்லை, தயாரிப்பு. பெற்றவர்கள் அதைப் பார்த்துப் பெயர் வைக்கிறார்கள். அந்தப் பிள்ளை பத்து வயசில் வந்து 'எனக்கு ஏன் இந்தப் பேரு?' என்று கேட்கும்போது அந்தப் பொய்யைத்தான் எடுத்துக் கொடுப்பார்கள். தன்னைப் பற்றி ஒரு பிள்ளை கேட்கும் முதல் சரித்திரக் கேள்வி அது. அதற்குப் போலி நாணயமா கொடுப்பது?

அப்போ இமோஜென் என்ற பெயருக்கு அர்த்தமே இல்லையா? இருக்கிறது, ஆனால் வேரில் இல்லை. பெயர் நடந்து வந்த பாதையில் இருக்கிறது.

1623-க்குப் பிறகு அந்தப் பிழை சும்மா இருக்கவில்லை. வில்லியம் காட்வின் 1784-ல் 'இமோஜென்' என்றே ஒரு நாவல் எழுதினார். 1796-ல் 'தி மாங்க்' பேய் நாவலில் மாத்யூ லூயிஸ் எழுதிய கதைப்பாட்டிலும் இமோஜைன் என்று ஒரு நாயகி வந்தாள். 1818-ல் கவிஞர் கீட்ஸ் ஒரு கடிதத்தில், கவிஞனுக்கு இயாகோவைப் படைப்பதிலும் இமோஜெனைப் படைப்பதிலும் ஒரே சந்தோஷம்தான் என்கிற மாதிரி எழுதினார். அதாவது கெடுதலின் உச்சத்துக்கு இயாகோ, நல்லதின் உச்சத்துக்கு இவள். 1880-ல் ஸ்வின்பர்ன் ஷேக்ஸ்பியர் பற்றி எழுதிய முழுப் புத்தகத்தை இவள் பெயரைச் சொல்லித்தான் முடித்தார். 1896-ல் லண்டன் லைசியம் அரங்கில் எலன் டெர்ரி இமோஜெனாக நடித்தார். அவருக்கு இந்தப் பாத்திரத்தை எப்படி நடிக்க வேண்டும் என்று கடிதம் கடிதமாக எழுதித் தள்ளியவர் பெர்னார்ட் ஷா.

மேடையிலிருந்து பெயர் வீடுகளுக்குள் இறங்கியது. அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் இமோஜென் கன்னிங்ஹாம் பிறந்தது 1883-ல். இந்த நாடகத்து நாயகி பெயரைத்தான் அவர் அப்பா வைத்தார். 1907-ல் இசையமைப்பாளர் குஸ்தாவ் ஹோல்ஸ்ட் தன் ஒரே மகளுக்கு வைத்ததும் இதே பெயர். அந்த இமோஜென் ஹோல்ஸ்ட் தானும் இசையமைப்பாளர் ஆனார். 1950-51 குளிர்காலத்தில் சாந்திநிகேதன் வரை வந்து இந்திய நாட்டுப்புற இசை படித்துவிட்டுப் போனார். அமெரிக்காவில் கடைசியில் ஒரு 'ஈ' எழுத்தைச் சேர்த்து இமோஜீன் ஆக்கிக்கொண்டார்கள். 2000-களில் இங்கிலாந்தில் பிறந்த பெண் குழந்தைகளின் முதல் 100 பெயர்களுக்குள்ளேயே இமோஜென் வந்துவிட்டது. ஒரு குச்சியை எண்ணாமல் விட்டதால் வந்த வினை!

இந்த நிலையில்தான் 1986-ல் ஸ்டான்லி வெல்ஸும் கேரி டெய்லரும் ஆக்ஸ்ஃபோர்ட் ஷேக்ஸ்பியர் தொகுப்பில் தைரியமாக இமோஜெனை அடித்துவிட்டு இன்னோஜென் என்று போட்டார்கள். 2017-ல் வந்த ஆர்டன் பதிப்பில் வேலரி வெய்னும் இன்னோஜென் பக்கமே. மேடை இன்னும் முடிவு செய்யவில்லை. 2016-ல் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி மேடையேற்றியபோது அவள் இன்னோஜென். அதே வருஷம் லண்டன் குளோப் அரங்கில் நாடகத்தின் தலைப்பையே மாற்றி 'இமோஜென்' என்று வைத்துவிட்டார்கள்.

இதில் என் தீர்ப்பு என்ன என்றால், இரண்டு பேரும் சரி. நழுவுகிறேன் என்று நினைக்காதீர்கள், காரணம் சொல்கிறேன்.

எங்கள் தொழிலில் இதற்கு அச்சாக ஒரு உதாரணம் இருக்கிறது. ஒரு பக்கத்திலிருந்து இன்னொரு பக்கத்துக்குப் போகும்போது, எங்கிருந்து வருகிறோம் என்று பிரவுசர் சர்வருக்குச் சொல்லும். அந்த வரிக்குப் பெயர் 'ரெஃபரர்'. ஹெச்.டி.டி.பி. விதிகளை 1996-ல் எழுதி வெளியிட்டபோது அந்தச் சொல்லில் ஒரு 'ஆர்' குறைந்தே இருந்தது. பார்த்தவர்களுக்குத் தெரியும், ஆனால் அதற்குள் உலகம் முழுக்க ப்ரோக்ராம்கள் அந்தத் தப்பான எழுத்தை நம்பி ஓட ஆரம்பித்துவிட்டன. இன்று வரைக்கும் அது அப்படியேதான் இருக்கிறது. திருத்தினால் உடையும். ஆனால் பின்னால் புதிதாகச் சேர்த்த 'ரெஃபரர் பாலிசி'யில் எழுத்து சரியாக இருக்கிறது. பழையதைத் தொடவில்லை, புதியதில் தப்பைத் தொடரவும் இல்லை.

அதே நியாயம்தான் இங்கேயும். நாடகத்தைப் பதிப்பிக்கிறவர் வேலை ஷேக்ஸ்பியர் என்ன எழுதினார் என்று கண்டுபிடிப்பது. அவர் இன்னோஜென் என்று போடட்டும். 400 வருஷப் பழக்கம் ஒரு வாதமே இல்லை. ஆனால் உயிரோடு நடமாடுகிற ஒரு பெண்ணிடம் போய் 'உன் பேரே ஒரு தப்பு தெரியுமா?' என்று மேதாவித்தனம் காட்டுவதற்கு அது லைசென்ஸ் இல்லை. அவள் பெயர் அச்சுக்கூடத்தில் பிறந்திருக்கலாம். கீட்ஸ் சொல்லி, எலன் டெர்ரி நடித்து, ஒரு அப்பா ஆசையாக வைத்து வளர்ந்த பெயர் அது. தப்பாகப் பிறந்தது என்பதற்காக ஒரு பெயரைத் தள்ளி வைப்பது, செய்யாத தப்புக்கு அந்த நாடகத்து நாயகியைத் தண்டித்த மாதிரிதான்.

இமோஜென் என்றால் என்ன அர்த்தம் என்று ஒரு சின்னப் பெண் கேட்டால் நான் இப்படித்தான் சொல்வேன். 'ரொம்பக் காலத்துக்கு முன்னாடி பொண்ணு என்று அர்த்தம் வரும் ஒரு பெயர் இருந்தது. அதை ஷேக்ஸ்பியர் ஒரு நல்ல கதைக்கு எடுத்தார். யாரோ ஒருத்தர் அதைத் தப்பாகப் படித்ததில் இந்தப் பெயர் வந்தது. எல்லாருக்கும் பிடித்துப் போனதால் தங்கிவிட்டது.' நாலே வரி. 'தாயின் சாயல்' அளவுக்கு இனிப்பு இல்லைதான், ஆனால் அந்தப் பெண் வளர்ந்து எந்த நூலகத்தில் தேடிப் பார்த்தாலும் நிற்கும்.

மாற்றுக் கருத்து இருக்கிறவர்கள் பின்னூட்டத்தில் வந்து கும்மலாம். ஒரே ஒரு வேண்டுகோள், பெயர் தளத்திலிருந்து வெட்டி ஒட்டாதீங்க மக்கா :-)